மேனேஜருக்கு ஆறு ஆட்கள்

கட்டடச் சாரத்திலிருந்து விழுந்த நாள் முதல் அண்ணனுக்கு அசைவது வலது கையும் வாயும்தான். கட்டிலுக்கு எதிரே மீன் தொட்டி. அதில் நாலு வருஷமாக ஒற்றை மீன், உள்ளங்கை அகலம். ஒரு வேலையும் செய்யாமல் சுற்றிச் சுற்றி மேற்பார்வை பார்க்கிறது என்று அண்ணன்தான் அதற்கு 'மேனேஜர்' என்று பேர் வைத்தான்.

ஒரு மாதமாக அவன் சரியாகச் சாப்பிடவில்லை. "மூட்டை தூக்கிச் சம்பாதிச்சு இந்த மூட்டைக்கு ஏண்டா போடுற?" என்பான். தம்பி சோற்றைப் பிசைந்து மறுபடியும் வாயருகே நீட்டுவான். ஒருநாள் பேச்சுவாக்கில் அண்ணனே, "மேனேஜருக்குக் கீழ நாலு ஆளு இருந்தா நல்லா இருக்கும்ல?" என்றான். விடுவானா தம்பி? அன்று சாயங்காலமே ஆறு குட்டி மீன்களைப் பையில் வாங்கி வந்துவிட்டான்.

கடைக்காரர் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்: "பழைய மீனு தொட்டி முழுக்கத் தன் வீடுன்னு நெனைச்சிட்டிருக்கும். கல்லையெல்லாம் இடம் மாத்திட்டு விடு. ஒரு நாள் விளக்கை அணைச்சு வை. இல்லேன்னா புதுசுங்களை உண்டு இல்லைன்னு ஆக்கிடும்."

தம்பி ராத்திரி மீன்களை வாளியில் விட்டு வைத்து, மறுநாள் காலையில் கல்லைத் தூக்கத் தொட்டிக்குள் கை விட்டான். வெளியே அவனை வேலைக்குக் கூப்பிட்டு லாரி ஹார்ன் அடித்தது. சரி, விளக்கையாவது அணைப்போம் என்று போனால் அண்ணன் கத்தினான்.

"இருட்டுல நான் என்னத்தைடா பாக்குறது?"

"கடைக்காரர் சொன்னாருண்ணே..."

"அவனா படுத்துக் கிடக்கான்? போடா, லாரிக்காரன் கத்துறான்."

எத்தனையோ நாளைக்குப் பிறகு அண்ணன் முகத்தில் சிரிப்பு. அதைப் பார்த்ததும் தம்பிக்குப் புத்தி மழுங்கிவிட்டது. மீன்களை விட்டான். தண்ணீர்ச் செம்பை வலது கைக்கு எட்டும்படி வைத்துவிட்டு ஓடினான்.

சாயங்காலம் வாசலிலிருந்தே குரல் கொடுத்தான்: "என்னண்ணே, மேனேஜர் பேச்சை ஆளுங்க கேக்குறாங்களா?"

உள்ளே போனான்.

செம்பு தொட்டிக்கடியில் உருண்டு கிடந்தது. தண்ணீர்மேல் மூன்று மீன்கள் மிதந்தன. இரண்டைக் காணவே இல்லை. ஆறாவது, வால் போய், தொட்டிக்குக் காற்று விடும் குழாய்க்குப் பின்னால் ஒண்டியிருந்தது. மேனேஜர் அதன் எதிரில் நின்றது.

அண்ணனின் உதடு காய்ந்து வெடித்திருந்தது.

"நீ போனதுமே ஆரம்பிச்சிருச்சுடா. ஒண்ணொண்ணா. செம்பை எறிஞ்சேன், எட்டல. தொண்டை கிழியக் கத்தினேன். யாருக்குக் கேக்கும்?"

"என் தப்புண்ணே. மேனேஜரை இப்பவே எடுத்துடுறேன்."

"அதை ஏண்டா எடுக்குற? கட்டிலைத் திருப்பு."

"எந்தப் பக்கம்?"

"சுவத்துப் பக்கம்."

"ஒரு வாய் தண்ணி குடிண்ணே, திருப்புறேன்."

"திருப்புடா."

தம்பி திருப்பினான். செம்பை நிரப்பிக்கொண்டு, கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவே உடம்பை நுழைத்து, அண்ணன் முகத்துக்கு நேராக உட்கார்ந்தான்.

அண்ணன் கண்ணை மூடிக்கொண்டான்.