ஒரு பசு, பதினொரு பாரா

வெண்ட்லா குவோஸ்மானென் பேச ஆரம்பித்தால் அடுப்பிலிருக்கும் பார்லிக் கஞ்சி அடிபிடிக்கும் வரை நிறுத்தமாட்டாள். அப்படிப்பட்டவள் ஈஸ்டர் ஞாயிறன்று ஒன்றரை மணி நேரம் வாயைத் திறக்கவில்லை என்றால் அதற்குத் தக்க காரணம் இருந்தது. அந்தக் காரணத்தின் பெயர் செராஃபியா டிர்க்கோனென்.

ஏரிக்கு அந்தக் கரையில் செராஃபியாவின் பண்ணை. நான்கே பசுக்கள், நான்கும் விலா எலும்பு தெரியும் பசுக்கள். ஆனாலும் வாரா வாரம் நகரத்துப் படகில் அவள் ஆறு வாளி வெண்ணெய் ஏற்றினாள். இந்தக் கரையில் வெண்ட்லாவுக்கு ஒன்பது பசுக்கள் இருந்தும் மூன்று வாளி நிரம்பினால் பெரிய விஷயம்.

அந்தக் குளிர்காலத்தில் செராஃபியாவின் சவுனா, அதாவது நீராவிக் குளியல் அறை, எரிந்துபோயிற்று. ஹிர்விலம்பி ஊர் வழக்கப்படி அடுத்த வீட்டுச் சவுனாவில் இடம் கேட்டால் மறுக்கக் கூடாது. ஆகவே ஈஸ்டருக்கு முந்தைய சனிக்கிழமை இருவரும் வெண்ட்லாவின் சவுனாவில், மேல்பலகையில், வியர்வை சொட்ட அருகருகே உட்கார்ந்திருந்தார்கள். சவுனாவில் சத்தம் போட்டால் அங்கே குடியிருக்கும் டொந்து என்ற குள்ளக் காவலன் கோபப்பட்டு சுடுகற்களை வெடிக்க வைத்துவிடுவான். அதனால் சண்டையை ரகசியம் பேசுவதுபோல் போட்டார்கள்.

"ஏன்டி செராஃபியா, உன் பசுங்க நாலும் காத்தடிச்சா விழுந்துடும்போல இருக்கு. அவ்வளவு வெண்ணெய் எங்கருந்துடி வருது?"

"பசுகிட்ட கொஞ்சம் கம்மியாப் பேசணும்க்கா. காது வலிச்சா அதுக்குப் பால் இறங்காதாம்."

சவுனா வழக்கப்படி வெண்ட்லா பிர்ச் மர இலைக்கொத்தால் தன் முதுகில் அடித்துக்கொண்டாள். அடி கொஞ்சம் பலமாகவே விழுந்தது. "உன் வீட்ல பாரா இருக்குன்னு ஊரே சொல்லுது."

"ஊர் சொல்லுதா, இல்ல நீங்க சொல்லி ஊர் சொல்லுதா?" செராஃபியா ஒரு அகப்பை தண்ணீரைக் கற்களின் மேல் வீசினாள். புஸ்ஸென்று எழுந்த ஆவியில் அவள் முகம் மறைந்தது. ஆனால் இல்லை என்று அவள் சொல்லவே இல்லை. வெண்ட்லாவுக்கு அது போதும்.

பாராவைக் கடையில் வாங்க முடியாது. வீட்டுக்காரியே செய்ய வேண்டும். காலுக்கு மூன்று தக்களி, வயிற்றுக்கு ஒரு கம்பளி நூலுருண்டை, தலைக்குக் கந்தல்துணி. உயிருக்கு, தேவாலயத்தில் வாங்கி விழுங்காமல் கொண்டுவந்த திருவிருந்து அப்பம். இப்படிச் செய்த பாரா அக்கம்பக்கத்துப் பசுக்களின் மடியிலிருந்தும் பால் சட்டிகளிலிருந்தும் உறிஞ்சி வந்து, செய்தவளின் சாடியில் கக்கும். பாரா செய்கிறவள் நரகத்துக்குப் போவாள் என்று போதகர் லிம்னெல் வருஷத்துக்கு இரண்டு முறை பிரசங்கத்தில் சொல்வார். வெண்ட்லாவும் அதை யோசித்துப் பார்த்தாள். செராஃபியா முந்திப் போய் அங்கேயும் நல்ல இடத்தைப் பிடித்துவிடுவாள் என்பதுதான் அவளுக்கு உறுத்தியது.

மறுநாள் திருவிருந்தில் அப்பத்தை நாக்குக்கு அடியில் ஒதுக்கிக்கொண்டாள். வாசலில் போதகர் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

"என்னம்மா வெண்ட்லா, அசாரியாஸுக்கு முதுகுவலி தேவலையா?"

"ம்."

"பசுங்க எல்லாம் கன்னு போட்டாச்சா?"

"ம்ம்."

போதகர் பதினாறு வருஷமாக அவளை அறிந்தவர். அவர் கண் கலங்கிவிட்டது. அடுத்த ஞாயிறு நாவடக்கம் பற்றி முக்கால் மணி நேரம் பிரசங்கம் செய்து, பெயர் சொல்லாமல் ஒரு சகோதரியை உதாரணம் காட்டினார்.

வீடு திரும்பும் வண்டியில் அசாரியாஸ் இரண்டு முறை திரும்பிப் பார்த்தான். "உடம்பு முடியலையா?" என்றான். அவள் தலையை ஆட்டினாள். அவன் மேற்கொண்டு கேட்கவில்லை. கல்யாணமாகி இருபது வருஷத்தில் வண்டிச் சக்கரத்தின் சத்தத்தை அவன் அன்றுதான் முதன்முதலாகக் கேட்டான். நிதானமாகவே ஓட்டினான்.

அன்று பகலுணவு முடிந்து எல்லோரும் கண்ணயர்ந்த நேரத்தில் வெண்ட்லா சவுனாவில் உட்கார்ந்து பாராவைக் கட்டினாள். பாதி கரைந்திருந்த அப்பத்தை நூலுருண்டைக்குள் திணித்தாள். "பிற, பாரா, பிற! பாலும் பாலாடையும் கொண்டு வா!" என்றாள். கந்தல் தலை நிமிர்ந்தது.

"எந்தப் பக்கம்?" என்று அது கேட்டது. கரகரத்த சின்னக் குரல்.

"ஏரிக்கு அந்தப் பக்கம். செராஃபியா வீடு. அவ மூஞ்சியப் பாத்தா ஒரு கக்கு கக்கிட்டு வா."

"கக்குறது இங்கதான். அங்க உறிஞ்சுறது மட்டும்," என்று பாரா கண்டிப்பாகச் சொல்லிவிட்டு மூன்று காலில் உருண்டோடியது.

மாலைக்குள் சாடி நிறைய பாலாடை. வெண்ட்லா பூரித்துப் போனாள். கடைந்தபோதுதான் மத்தில் ஒரு சிவப்பு நூல் சுற்றியிருந்ததைப் பார்த்தாள். பால் வடிகட்ட அவளே நெய்த துணியின் ஓரத்து நூல் அது. அதாவது இது அவள் வீட்டுப் பால். செராஃபியாவின் பாரா இங்கிருந்து திருடியதை, இவள் பாரா அங்கிருந்து திருப்பித் திருடியிருக்கிறது. அவளுக்கு ஆத்திரம் பொங்கியது. கூடவே ஒரு நிம்மதியும் வந்தது. தன் பொருளைத் தானே மீட்டால் அது பாவத்தில் சேராது. மறுநாள் பாராவை மூன்று நடை அனுப்பினாள்.

இப்படி மீட்கிறவர்கள் பெருகினார்கள். திருவிருந்து நடக்கிற ஞாயிறெல்லாம் தேவாலய வாசலில் உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு "ம்" சொல்லும் பெண்கள் கூடிக்கொண்டே போனார்கள். தன் பிரசங்கம் வேலை செய்கிறது என்று போதகர் மேலிடத்துக்குக் கடிதம் எழுதினார். இலையுதிர் காலத்துக்குள் ஏரியைச் சுற்றியிருந்த பண்ணை வீடுகள் பத்திலும் ஆளுக்கொரு பாரா இருந்தது. யாரும் யாரிடமும் சொல்லவில்லை. சவுனாவில் வெண்ணெயைப் பற்றிய பேச்சே நின்றுபோய், எல்லோரும் பருவநிலையைப் பற்றிப் பேசினார்கள்.

பாரா இருக்கும் வீட்டில் பசு எதற்கு? காலை நாலு மணிக்கு எழுந்து சாணி அள்ளுவானேன்? வெண்ட்லாவின் ஒன்பதில் இரண்டு தையல் மெஷினாக மாறின. மூன்று, மகள் கல்யாணத்தில் வறுவலாயின. மற்றவையும் ஒவ்வொன்றாகப் போயின. மற்ற வீடுகளிலும் இதே கதைதான். அடுத்த கோடையில் புல் அறுப்புக் காலம் வந்தபோது ஏரிக்கரைப் புல்வெளிகளில் ஒரு அரிவாள்கூட அசையவில்லை. ஆண்கள் தூண்டிலோடு படகில் படுத்துத் தூங்கினார்கள்.

வெண்ணெய் மட்டும் வந்துகொண்டிருந்தது. கொஞ்சம் காறல் வாடை அடித்தது, அவ்வளவுதான். ஒரே வெண்ணெய் வீடு வீடாக உறிஞ்சப்பட்டுக் கக்கப்பட்டு ஊரைச் சுற்றிக்கொண்டிருந்தால் காறாமல் என்ன செய்யும்? நகரத்துக்காரர்கள் அதற்குத் தனி மணம் இருப்பதாகச் சொல்லி விரும்பி வாங்கினார்கள்.

அந்தச் சுற்றில் புதிதாகச் சேர்ந்த பால் எல்லாம் ஒரே ஒரு மடியிலிருந்து வந்தது. சதுப்பு நில ஓரத்தில் குடிசை போட்டிருந்த கைசா ஹக்கராயினெனின் பசு ஹெலுனா. கைசாவிடம் பாரா இல்லை. பாரா செய்யக் கந்தல் வேண்டும். இருந்த கந்தலையெல்லாம் அவள் உடுத்தியிருந்தாள்.

ஒரு நாள் காலை கைசா வெண்ட்லாவின் வாசலில் வந்து நின்றாள்.

"அம்மா, ஹெலுனாவுக்கு மடி வத்திப் போச்சு. புல்லு வயிறுமுட்டத் திங்குது, கையை வச்சா ஒரு சொட்டு இல்ல. காம்பெல்லாம் வெடிச்சிருக்கு. தடவ ஒரு துளி வெண்ணெய் குடுத்தீங்கன்னா..."

வெண்ட்லா தாராள மனதோடு ஒரு எலுமிச்சை அளவு உருட்டிக் கொடுத்தாள். கைசா அதை இலையில் வாங்கிக்கொண்டு, "உங்க கை நல்லா இருக்கணும்மா," என்றாள். அவள் போன பிறகு வெண்ட்லா தன் கையை ஒரு முறை பார்த்தாள். பிறகு அதை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு வேறு வேலையைப் பார்க்கப் போனாள்.

இந்த நேரத்தில்தான் நகரத்திலிருந்து பால் ஆலோசகர் ஹெல்ஸ்டென் வந்து இறங்கினார். மாகாணத்திலேயே மிகக் குறைந்த பசுக்களும் மிக அதிக வெண்ணெயும் உள்ள ஊர் ஹிர்விலம்பி என்று பத்திரிகையில் படித்திருந்தார். மூக்குக்கண்ணாடி, தடித்த நோட்டு, தோலுறையில் ஒரு வெப்பமானி. சனிக்கிழமை பகல் பதினொரு மணிக்குப் போதகர் வீட்டு முற்றத்தில் எல்லாப் பெண்களும் அவர் கண்ணெதிரே கடைந்து காட்ட வேண்டும் என்று ஏற்பாடு.

அவர் வருவதற்கு இரண்டு நாள் முன்பே கைசா, இந்த ஊர்த் தண்ணீர் பசுவுக்கு ஆகவில்லை என்று முடிவு கட்டி, ஹெலுனாவை ஓட்டிக்கொண்டு பக்கத்து ஊரில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போய்விட்டாள். அதை யாரும் கவனிக்கவில்லை. ஊரின் ஒரே பசு ஊரை விட்டுப் போயிற்று. தன் ஊர்த் தேவாலய மணியோசை எட்டாத இடத்துக்குப் பாரா போகாது.

சனிக்கிழமை முற்றத்தில் பத்துச் சாடிகள் வரிசையாக நின்றன. ஒவ்வொன்றின் மேலும் வெள்ளைத் துணி. பெண்கள் காலையிலேயே பாராவை அனுப்பியிருந்தார்கள். சாடியில் இன்னும் ஒன்றும் வந்து சேரவில்லை. சந்தேகம் வராமலிருக்க எல்லோரும் வெறும் சாடியைக் கடைந்தார்கள்.

"சத்தம் ரொம்ப வறட்சியா இருக்கே?" என்றார் ஆலோசகர்.

"எங்க ஊர் முறை அது," என்றாள் வெண்ட்லா. "முதல்ல காத்தைக் கடைஞ்சு சூடேத்திக்கணும்."

ஆலோசகர் அதை எழுதிக்கொண்டார்.

அப்போது போதகரம்மா காப்பித் தட்டைக் கொண்டுவந்து மேஜையில் வைத்தாள். தட்டில் ஒரு சின்னக் குடுவையில் பாலாடை. அந்த ஊரிலேயே அன்று மிச்சமிருந்த பாலாடை அதுதான்.

வேலிக்கு அடியிலிருந்து முதலில் வந்தது செராஃபியாவுடையது. அதன் பின்னால் வெண்ட்லாவுடையது. பிறகு கிணற்றடியிலிருந்து, விறகுக் குவியலிலிருந்து, பெர்ரிச் செடிப் புதரிலிருந்து, மூன்று கால் கந்தல் மூட்டைகள் பட்டப்பகலில் உருண்டு வந்தன. ஒன்றன்மேல் ஒன்று ஏறி மேஜைத் துணியைப் பிடித்து இழுத்தன. குடுவை விழுந்தது, காப்பி கவிழ்ந்தது. பாலாடைக்காக ஒன்றின் வயிற்றை மற்றொன்று உறிஞ்ச, எங்கே உறிஞ்சினோம் எங்கே கக்க வேண்டும் என்ற கணக்கே தவறி, எல்லாம் ஆலோசகரின் பூட்ஸில் கக்கின.

பெண்கள் தரையைப் பார்த்தார்கள். போதகர் மட்டும் எண்ணினார். சாடி பத்து. பாரா பதினொன்று. பதினோராவதன் தலை அவருடைய பழைய அங்கியின் வெள்ளைக் கழுத்துப்பட்டையால் செய்யப்பட்டிருந்தது. அவர் தன் மனைவியைத் திரும்பிப் பார்த்தார்.

"என்னம்மா இது?"

"ம்," என்றாள் போதகரம்மா.

ஆலோசகர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். பாடப்புத்தகத்தில் இல்லாத எதுவும் அவர் கண்ணுக்குத் தெரியாது. "பூனைங்க ஜாஸ்தி உங்க ஊர்ல. நோஞ்சானா வேற இருக்கு," என்றார். பிறகு கவிழ்ந்த காப்பியில் வெப்பமானியை விட்டுப் பார்த்து எழுதிக்கொண்டார். ஹிர்விலம்பியின் வெற்றிக்குக் காரணம் பெண்களின் மௌனமும் காற்றை முன்கூட்டிக் கடைவதும்தான் என்று அவருடைய அறிக்கை பின்னால் அச்சாகி, மூன்று மாகாணங்களில் அதைப் பின்பற்றினார்கள்.

அன்று வெண்ட்லா வீட்டுக்கு வந்து பாராவைப் பிரித்தாள். கம்பளி நூலை மூன்று தண்ணீரில் அலசி அசாரியாஸுக்குக் காலுறை பின்னினாள். அதைப் போட்டுக்கொண்டு அவன் எங்கே போனாலும் ஊர்ப் பூனைகள் பின்னால் போயின.

திங்கட்கிழமை வெண்ட்லா பக்கத்து ஊருக்கு நடந்தாள். கைசாவின் தங்கை வீட்டு வேலிக்குள் ஹெலுனா மடி கனக்க நின்றது. கைசா அவளை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தாள். காப்பி ஊற்றி, கறுப்பு ரொட்டியில் வெண்ணெய் தடவி முன்னால் வைத்தாள். புது வெண்ணெய், மஞ்சளாக, உப்புத்தூள் மின்னியது. வெண்ட்லா ஒரு வாய் கடித்தாள். மிச்சத்தைத் தட்டிலேயே வைத்துவிட்டாள்.

"கைசா, உன் பசுவோட பாலை நான்தான்டி திருடினேன். பாரா செஞ்சேன். அன்னிக்கு நீ கேட்டு வந்தப்ப நான் குடுத்ததும் உன் வெண்ணெய்தான்."

கைசா சிரித்துவிட்டாள்.

"பாராவாம்! எந்தக் காலத்துல இருக்கீங்கம்மா? கந்தல் உருண்டு வந்து பால் கறக்குமாக்கும். நானே வந்து ஒளிஞ்சு நின்னு கறந்தேன்னு நேரா சொல்லிட்டுப் போங்களேன்."

வெண்ட்லா அப்பத்தைச் சொன்னாள், தக்களியைச் சொன்னாள், ஆலோசகரின் பூட்ஸைச் சொன்னாள். சொல்லச் சொல்லக் கைசாவின் முகத்தில் அவநம்பிக்கை கூடியதே தவிரக் குறையவில்லை. கடைசியில் வெண்ட்லா மூச்சு வாங்கி நிறுத்தினாள்.

"சரி. நானே வந்து கறந்தேன்."

"அப்படி வாங்க வழிக்கு." கைசா அவளுக்கு இன்னொரு கோப்பை காப்பி ஊற்றினாள். "ஹெலுனா இப்ப சினையா இருக்கு. கன்னு வேணும்னா குடுக்குறேன். ஆனா இந்த வருஷம் எனக்குப் புல் அறுக்க ஆளில்ல."

அந்த ஆகஸ்ட் முழுக்க ஒன்பது பசுப் பண்ணையின் எஜமானி ஒரு குடிசைக்காரியின் புல்லை அறுத்தாள். இரண்டாம் வாரம் செராஃபியா தோளில் அரிவாளோடு வந்தாள். கைசாவிடம் அவளும் ஏதோ சொல்லி ஒப்புக்கொண்டிருக்க வேண்டும். அவளுக்கும் ஒரு கன்று வேண்டியிருந்தது, ஆனால் ஹெலுனாவின் வயிற்றில் இருந்தது ஒன்றே ஒன்று. இருவரும் அக்கம்பக்கமாக நின்று, யார் வரிசை முந்துகிறது என்று ஓரக்கண்ணால் பார்த்தபடி, மூச்சிரைக்க வெட்டித் தள்ளினார்கள்.

கைசா வேலிமேல் உட்கார்ந்து காப்பி குடித்தபடி, "அந்த மூலையில கொஞ்சம் விட்டுப் போச்சு பாருங்க," என்றாள்.