ஒட்டவைத்த கோப்பை

எங்கள் அம்மாவின் கல்லறைக்குப் போக எனக்கு அனுமதிச் சீட்டு வேண்டும். எங்கள் முன்னோர் அடிமைகளாக வந்திறங்கிய இந்தத் தீவில் பாதியை வளைத்துப்போட்டு கோல்ஃப் மைதானமாக்கியவர்கள் எங்கள் இடுகாட்டையும் வேலிக்குள் வைத்துக்கொண்டார்கள். வாசல் காவலாளி ஒவ்வொரு முறையும் "யாரைப் பாக்கணும்?" என்பான். செத்தவளை என்று சொல்லிச் சொல்லி எனக்கு அலுத்துவிட்டது.

அன்று தம்பி செபஸோடு போனேன். கல்லறை துடைத்துவிட்டாற்போல் இருந்தது. அம்மா கடைசியாகக் குடித்த கோப்பையை உடைத்துத் தலைமாட்டில் வைத்திருந்தோம். உடைத்து வைத்தால்தான் சாவு அவளோடு நிற்கும். முழுசாக இருந்தால் வீட்டில் இன்னொருவரைக் கூப்பிடும். செபஸுக்குத் திங்கட்கிழமை இதய அறுவை சிகிச்சை.

"குப்பைன்னு அள்ளிட்டாங்களாக்கா?" என்றான் அவன்.

குப்பையில் போட்டிருந்தால்கூடத் தேவலை. கோல்ஃப் மைதானத்து விடுதியின் கூடத்தில் 'தீவின் பாரம்பரியம்' என்று ஓர் அலமாரி. நடுவில் அம்மாவின் கோப்பை, முழுசாக. 'அடிமைக் காலத்துக் கோப்பை' என்று அட்டை வேறு. போன கிறிஸ்துமஸுக்கு நான் தள்ளுபடிக் கடையில் வாங்கிக் கொடுத்தது அது.

"அடியில விலைச்சீட்டு இன்னும் ஒட்டியிருக்கும், பாருக்கா," என்றான் செபஸ். சிரிப்பு வரவில்லை.

பாரம்பரியக் குழுத் தலைவி திருமதி வின்ஸ்லோ ஓடி வந்தாள். "நானே உக்காந்து ஒட்டினேன். விரிசலே தெரியலை இல்ல? சனிக்கிழமை விருந்துல இதுலதான் நான் டீ குடிக்கப் போறேன்!"



"எங்கம்மா சாகறப்ப வாய் வச்ச கோப்பைங்க அது," என்றேன்.

"ஓ, அப்படியா! அதையும் அட்டையில எழுதிடலாமே."

இதற்குமேல் இவளிடம் பேச என்ன இருக்கிறது? அலமாரியைத் திறந்தேன். கோப்பையை எடுத்து அந்தப் பளிங்குத் தரையில் ஓங்கிப் போட்டேன். சில்லுகள் நாலாபக்கமும் சிதறின.

"ஐயோ, மூணு வாரம் ஒட்டினேனே!" என்று அலறினாள்.

செபஸ் மண்டியிட்டு, சில்லுகளைத் தொப்பியில் பொறுக்கினான். ஒன்று மட்டும் அகப்படவில்லை. அவள் அதன்மேல் செருப்பை வைத்து அழுத்திக்கொண்டு நின்றாள். "ஒரு துண்டாவது இருக்கட்டும். அட்டை எழுதியாச்சு."

தம்பி தலை நிமிராமலே சொன்னான்:

"காலை எடுங்க மேடம். கீழ இருக்கிறது எங்கம்மா."