இரண்டு அங்குலம் கூடுதல்

ஞாயிற்றுக்கிழமை காலை பதினொன்றேகாலுக்கு, லசானியா என்கிற இத்தாலிய அடுக்குப் பலகாரத்துக்காகத் தையற்காரர் தேய்த்த மாவுத் தாள் வாசற்படி இறங்கித் தெருவுக்கு வந்தது. அப்போது அதன் நீளம் நாற்பது அடி.

தப்பு அவருடையதுதான். மைதாவில் முட்டை உடைத்து ஊற்றிப் பிசைந்தது, அரைமணி நேரம் ஈரத்துணி போட்டு மூடியது, மறுபக்கம் தெரிகிற அளவுக்கு மெல்லிசாகத் தேய்த்தது, எதிலும் குறை சொல்ல முடியாது. அதோடு பேசாமல் நறுக்கியிருக்கலாம். மனுஷன் கழுத்தில் கிடந்த அளவுநாடாவால் பாத்திரத்தை அளந்துவிட்டு, பிள்ளைகளுக்குச் சட்டை தைத்த முப்பது வருஷப் பழக்கத்தில், "வளர்ற புள்ள, ரெண்டு இஞ்ச் கூடவே இருக்கட்டும்" என்று வாய்விட்டுச் சொல்லித் தொலைத்தார். மாவு அதைக் கேட்டுக்கொண்டது.

மற்ற நாளாயிருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பார். அன்று மகள் சாப்பிட வருகிற நாள். கல்யாண உடுப்பை அவள் வேறு கடையில் தைக்கக் கொடுத்த கோபத்தில், "இனி அவனையே அப்பான்னு கூப்பிட்டுக்கோ" என்று கத்தியிருந்தார். மூன்று வருஷமாக அவள் அவரை எப்படியுமே கூப்பிடவில்லை. அம்மாவைப் பார்க்க வருவாள். இவர் எதிரே வந்தால் சுவரைப் பார்ப்பாள். போன வாரம்தான், "அவரே சமைக்கட்டும், வந்து சாப்பிடுறேன்" என்று அம்மாவிடம் இறங்கிவந்தாள். இதையும் கெடுத்தால் இந்த ஜென்மத்தில் பேசமாட்டாள் என்று அவருக்குத் தெரியும்.

கத்திரியால் வெட்டினார். வெட்டின துண்டும் வளர்ந்தது. "முதல்ல உங்க வாயைத் தைங்க!" என்றாள் மனைவி. தாள் பேக்கரியைத் தாண்டியது. தரையில் படக்கூடாதே என்று வீட்டுக்கு வீடு துவைத்த போர்வையை விரித்து வழிவிட்டார்கள். தபால்காரர் சைக்கிளைத் தோளில் தூக்கிக்கொண்டு, மிதிக்காமல் கடந்து போனார்.

மகள் பேருந்திலிருந்து இறங்கியபோது அது அவள் செருப்பருகே வந்து நின்றது. விளிம்பு நூல் பிடித்தாற்போல நேராக இருந்தது. யார் கைவேலை என்று அவளுக்குத் தெரியாதா என்ன? நுனியைத் தூக்கி, மடித்து மடித்துக் கையில் சேர்த்தபடி தெரு நீளத்துக்கும் நடந்து வந்தாள். வாசலில் மறுநுனியோடு நின்ற தையற்காரர், அவளைக் கண்ட பதற்றத்தில் வெடுக்கென்று இழுத்தார்.

"அப்பா! இழுக்காதீங்க, கிழிஞ்சிடும்."

"சரிம்மா" என்றார். பிடியைத் தளர்த்தினார். மேலே எதுவும் பேசப் பயமாக இருந்தது.

கொதிக்கிற தண்ணீரில் போட்ட பிறகுதான் மாவு அடங்கியது. லசானியா பதினாறு அடுக்கு வந்தது, தெருவே சாப்பிட்டது. மகள் இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, உப்பு கொஞ்சம் குறைவு என்றாள். அவர் அழுதேவிட்டார். அதன்பிறகு ஞாயிறு தவறாமல் வருகிறாள், மாவும் தவறாமல் வளர்கிறது. பதினொன்றரைப் பேருந்து ஞாயிறு மட்டும், சக்கரம் மாவில் ஏறாதபடி பத்தடி முன்னாலேயே நிற்கிறது.