பதினேழு விநாடி

அம்மாவின் கழுத்தில் பட்டுக் குட்டையை மூன்றாவது முறையாகக் கட்டிப் பார்த்தாள் ஓதில். முடிச்சு நிற்பேனா என்றது. சவப்பெட்டிக்கு அந்தப் பக்கம் நின்ற கிஸ்லேன் கையை நீட்டி, ஒரே இழுப்பில் முடிச்சைப் போட்டாள். எண்பது வயதிலும் விரல் நடுங்கவில்லை. ஓதிலின் அம்மா லிசெத்துக்கு உதவியாளராக முப்பது வருஷம் படச்சுருள் ஒட்டிய விரல்கள் அவை.

பதினொரு மணிக்குப் பெட்டியை மூட வேண்டும். இன்னும் கால்மணிதான் இருந்தது.

"பேப்பர்ல ரெண்டே வரி போட்டிருக்கான், பாத்தியா? படத்தொகுப்பாளர் லிசெத் கர்னோ காலமானார்னு," என்றாள் கிஸ்லேன்.

"ரெண்டு வரியா? அம்மா கையில கெடச்சிருந்தா அதுலயும் ஒண்ண வெட்டியிருப்பா."

கிஸ்லேன் சிரித்துவிட்டாள். ஓதில் சிரிக்கவில்லை.

ஆறு வயதில், அம்மா தொகுத்த ஒரு படத்தில் ஓதில் நடித்தாள். ரயில் நிலையத்தில் தனியாக நின்று அழுகிற குழந்தை. மொத்தம் பதினேழு விநாடி. எல்லாரும் கைதட்டியதும், யாரோ சாக்லேட் கொடுத்ததும் அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. பள்ளிக்கூடத்துத் தோழிகள் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு பெருமையாகப் படத்துக்குப் போனாள். ரயில் வந்தது, ரயில் போனது, குழந்தையைக் காணோம். வீட்டுக்கு ஓடிவந்து கேட்டபோது, அம்மா வெங்காய சூப்பைக் கிளறியபடி, "நீளமா இருந்துச்சு" என்றாள். அதற்குமேல் ஒரு வார்த்தை இல்லை.

அந்தக் கோபம் ஐம்பது வருஷமாக ஆறவில்லை. பிறகு அம்மாவுக்குப் படங்கள் வராமல் போய், சோப்பு விளம்பரப் படங்களைத் தொகுத்துக்கொண்டிருந்த காலத்தில், 'நல்லா வேணும்' என்று நினைத்தவள்தான் ஓதில். கடைசி மாதங்களில் ஆஸ்பத்திரிக்கு வந்தால்கூட, கோட்டைக் கழற்றாமலே பத்து நிமிஷம் உட்கார்ந்துவிட்டுக் கிளம்பிவிடுவாள்.

"பெத்த பொண்ணையே வெட்டி எறிஞ்சவ, கிஸ்லேன். அதான் எம்மேல அவளுக்கு இருந்த பாசம்."

கிஸ்லேன் பெட்டிக்குள் பார்த்தாள். "மன்னிச்சிரு லிசெத். இனிமே என்னால முடியாது" என்று முணுமுணுத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"நீ அழுதது நடிப்பு இல்லடி."

"என்ன சொல்றீங்க?"

"அன்னிக்கு உங்கம்மா ஷூட்டிங்ல இல்ல. டைரக்டர் உங்கிட்ட குனிஞ்சு, 'உங்கம்மா உன்ன வேணாம்னுட்டுப் போயிட்டா, இனி வரவே மாட்டா'ன்னு சொன்னான். நீ கதறின. மைக் ஓடிட்டுதான் இருந்துச்சு. மறுநாள் ஒலிநாடா எங்க மேஜைக்கு வந்துச்சு. ரெண்டு பேரும் கேட்டோம்."

கிஸ்லேன் பட்டுக் குட்டையின் ஓரத்தை நீவிவிட்டபடி தொடர்ந்தாள்.

"ஒரே தடவைதான் கேட்டா. அப்புறம் கத்தரிய எடுத்தா. படத்துலயே அதுதான் நல்ல இடம்னு அவன் குதிச்சான். எம்பொண்ணு அழுறத எவனும் உக்காந்து ரசிக்க வேணாம்னுட்டா. படம் கழுவுற லேபுக்குப் போயி நெகட்டிவையும் வாங்கிட்டு வந்து கொளுத்திட்டா. அதுக்கப்புறம் எந்த டைரக்டர் அவளக் கூப்பிடுவான்?"

"எங்கிட்ட ஏன் சொல்லல?" என்று கேட்டாள் ஓதில்.

"நல்லா நடிச்சோம்னு நீ நெனச்சுக்கிட்டிருந்த. அது அப்படியே இருக்கட்டும்னா. 'எம்மேல கோவப்பட்டா நான் தாங்கிக்குவேன்'னா."

ஆஸ்பத்திரியில் அம்மா ஒவ்வொரு முறையும் இவள் முகத்தைப் பார்க்காமல், கோட்டுப் பொத்தான்களையே பார்த்துக்கொண்டிருந்தது ஓதிலின் நினைவுக்கு வந்தது.

கதவு திறந்தது. கறுப்பு உடுப்புக்காரர்கள் இருவர் உள்ளே வந்து மூடியைத் தூக்கினார்கள்.

"மேடம், நேரமாச்சு. மூடலாங்களா?"

"இன்னும் கொஞ்ச நேரம் இருக்கட்டும்," என்றாள் ஓதில்.

அவர்கள் மூடியைச் சுவரில் சாய்த்துவிட்டு வெளியே போனார்கள். அவள் பெட்டியருகே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டாள். கோட்டுப் பொத்தான்களை ஒவ்வொன்றாக அவிழ்த்து, கோட்டைக் கழற்றி, நாற்காலி முதுகில் மாட்டிவிட்டு உட்கார்ந்தாள்.