மொச்சை உரித்த நாள்

இந்தக் காலத்துச் சனங்களுக்கு வெட்கம் என்பதே கிடையாது என்பது நஞ்சுண்டனின் கட்சி. அடுத்தவன் வீட்டு அழுகையை முறுக்குக் கடித்துக்கொண்டே பார்க்கிறார்கள். ஆனாலும் வியாழக்கிழமை ஏழரை மணிக்கு, பக்கத்து வீட்டுப் பழனியாத்தாளின் டீவிக்கு முன்னால் அவரும் வந்து குந்திவிடுவார். காரணம் துடியலூருக்கே தெரியும். மாடலிங் பெண்கள் சீரழிகிற அந்தத் தொடரில் நாயகியே அவர் மகள் புவனாதான்.

புடவைக்கடைக் காலண்டருக்குப் படம் பிடிக்க நின்றவள், அப்படியே மெட்ராஸ் போய்விட்டாள். இரண்டு வருடம் முன்பு மாரியம்மன் நோம்பிக்கு வந்து வாசலில் நின்றாள். பகையாளி வந்தாலும் 'வாங்க' என்று சொல்லித் தண்ணீர்ச் சொம்பை நீட்டுகிற ஊர். நஞ்சுண்டன் தலை நிமிரவில்லை. கூப்பிடாத வீட்டுக்குள் எப்படிக் கால் வைப்பாள்? ஒரு மணி நேரம் நின்று பார்த்துவிட்டுப் பஸ்ஸுக்குப் போனாள்.

இன்று டீவியில் அதே வாசல். ஒரு கிழவர் குனிந்து கடலை உரிக்கிறார். பெண் நிற்கிறாள், திரும்பிப் போகிறாள். அடுத்தது ஓட்டல் அறை, கட்டில், காலி மாத்திரைப் புட்டி.

"ஏனுங் மாமா, அந்தப் பெரியவரு அசப்புல உங்களாட்டவே இருக்கறாருங்க. மீசைதான் கொஞ்சம் நல்லாருக்குது" என்றாள் பழனியாத்தாள்.

யாரோ சிரித்தார்கள். அவருக்குக் காது மடல் எரிந்தது.

தொடர் முடிந்ததும் போன் அடித்தது. புவனாதான். வாரா வாரம் பழனியாத்தாளிடம் பேசுவாள். அதற்குள் இவர் எழுந்து போய்விடுவார். இன்று கால் வரவில்லை. பழனியாத்தாள் ரிசீவரை அவர் கையில் திணித்தாள்.

"அப்பா... பாத்தீங்களா?"

"அந்த வாசலை ஆரு சொன்னா?"

"நாந்தானுங்கப்பா, கதை எழுதறவங்ககிட்டச் சொன்னேன்."

"அந்தாளு கடலை உரிக்கறான். நான் அன்னைக்கு உரிச்சது மொச்சை."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம்.

"மாத்திரை?"

"அது... அது கதைங்கப்பா."

நஞ்சுண்டன் ரிசீவரை இறுக்கிப் பிடித்தார். இரண்டு வருடம் முன்பு வாயில் வராத சொல், இப்போதுதான் வந்தது.

"நோம்பிக்கு வா கண்ணு. வாசல்ல நிக்காத, உள்ள வா."

போனை வைத்துவிட்டு, யார் முகத்தையும் பார்க்காமல் செருப்பைத் தேடினார்.

"அதெல்லாம் வெறும் கதைதானுங் மாமா" என்றாள் பழனியாத்தாள்.

"வாசலு நெசமாமா, கெழவன் நெசமாமா, மாத்திரை மட்டும் கதையாமா!" துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார்.