சால்வோரும் தலையை நனைக்கணும்

அக்கா, அம்மா பக்கத்துல இருந்தா இதை அப்புறமா படி.

நீச்சல்குளத்துல என்னோட மூணு மாச சோதனைக் காலம் இன்னிக்கோட முடியுது. நிரந்தரமாக்குறதா, மறுபடி மீன் ஃபேக்டரிக்கே அனுப்புறதான்னு மேனேஜர் ஸ்டைனுன் சாயங்காலம் சொல்றேன்னா. என் வேலைதான் உனக்குத் தெரியும்ல, பொம்பளைங்க குளிக்கிற ரூம்ல நின்னு பாத்துக்கணும். யாரா இருந்தாலும் டிரெஸ் இல்லாம, சோப்பு போட்டு, தலையையும் அலசிட்டுத்தான் வெளிய வெந்நீர்த் தொட்டிக்குப் போகணும். ஐஸ்லாந்துக்காரங்க எதை வேணா விட்டுக்குடுப்பாங்க, இதை விடமாட்டாங்க.

காலையில ஸ்டைனுன் வந்து என் காதுல சொல்றா: "இன்னிக்கு சால்வோர் வர்றா. அவ தலை மட்டும் நனையக் கூடாதாம். நீ சுவரைப் பாத்துட்டு நில்லு."

சால்வோர்தான் ஹாலிவுட் நடிகை, நான் சொல்லிருக்கேன்ல. இந்த ஊர்க்காரி. இங்க மீன் வெட்டிட்டு இருந்தவ, தலைநகர் ரெய்க்யவிக் போய் நாடகம் நடிச்சு, அங்கருந்து அமெரிக்கா. பன்னெண்டு வருஷமா எல்லாப் படத்துலயும் செத்துட்டே இருந்தா. இப்பதான் மொத தடவையா கடைசி சீன் வரைக்கும் உயிரோட இருக்கற ராணி வேஷம். அதுக்காக முடிக்கு வெள்ளி கலர் அடிச்சிருக்காங்க, தண்ணி பட்டா போயிடும். திங்கட்கிழமை ஷூட்டிங்.

அவ வந்தா. உடம்பு மட்டும் குளிச்சா. நான் சுவரைப் பாத்தேன்.

அப்பன்னு பாத்து பிர்னா வர்றா, தலையெல்லாம் சொட்டச் சொட்ட. இவளும் சால்வோரும் ஒரே கிளாஸ். பிர்னா இன்னும் மீன் ஃபேக்டரிலதான் இருக்கா. தலை நனையலன்னு அஞ்சு நிமிஷம் முன்னாடிதான் நான் அவளைத் திருப்பி அனுப்பியிருந்தேன்.

பிர்னா சால்வோரோட காஞ்ச தலையைப் பாத்தா. என்னைப் பாத்தா. "ஓ! மீன் நாத்தம் அடிக்கிற தலைக்கு மட்டும்தான் ரூல்ஸா?"

சொன்னா ஸ்டைனுன் விடமாட்டா. சொல்லலைன்னா இனிமே யார்கிட்ட போய் என்னத்தச் சொல்ல? வாயைத் திறந்தா சத்தம் எங்கருந்து வந்துச்சுன்னே தெரியல.

"சால்வோர்! தலையை நனைக்கணும்!"

ரூம்ல எல்லாரும் அப்படியே நின்னுட்டாங்க.

அவ திரும்பி, "எனக்கா?"ன்னா.

"எல்லாருக்கும்தான்," அப்படின்னேன்.

அவ திரும்பிப் போய்த் தண்ணியைத் திறந்தா அக்கா. வெள்ளிக் கலரெல்லாம் காலடியில ஓடுது, சாம்பலைக் கரைச்சு விட்ட மாதிரி. முடி பழையபடி எலி நிறத்துக்கு வந்துடுச்சு.

வெளித் தொட்டில அவ எறங்கினதும் பிர்னா ஆரம்பிச்சுட்டா, கதவு திறந்திருந்ததால எல்லாம் எனக்குக் கேட்டுச்சு.

"பதினாலு படத்துலயும் செத்துட்ட. ஊரோட இருந்திருந்தா ஒரு தடவைதான்டி சாகணும்."

"பதிமூணுதான். ஒண்ணுல கோமா."

"அதென்ன, எப்பப் பாத்தாலும் உன்னைக் கொண்டுபோய்ப் பனியிலயே நிக்க வைக்கிறானுங்க?"

"பனின்னா எனக்குப் பழக்கம்னு நினைக்கிறாங்க."

"நாங்களும்தான் நடுங்குறோம். எவனாவது வந்து படம் எடுக்குறானா பாரு!"

சால்வோர் சிரிச்ச சிரிப்புல தண்ணி பக்கத்துத் தொட்டி வரைக்கும் தெறிச்சுது. காலையிலருந்து ஊரே அவளைக் கண்டுக்காத மாதிரி மரியாதையா ஒதுங்கி ஒதுங்கித்தான் போயிட்டு இருந்துச்சு. யாரும் அவகிட்ட இப்படிப் பேசலை.

அந்நேரம் பாத்து ஸ்டைனுன் வர்றா. குளிக்கிற ரூம் ஓட்டையில சாம்பல் தண்ணி போறதைப் பாத்துட்டு நேரா என்கிட்ட வந்து, "யாரு அவளைத் தலையை நனைக்கச் சொன்னது?"ன்னா.

"நான்தான்."

"அவ ஸ்டுடியோவுக்கு யாரு பதில் சொல்றது?"

தொட்டிலருந்து சால்வோர் கத்துறா: "விக் வெச்சுக்கறேன் ஸ்டைனுன்! அந்தப் பொண்ணை விடு!"

"நீ சும்மா இரு, நான் உன்கிட்ட பேசலை." அவ வாயை அடைச்சுட்டு ஸ்டைனுன் என் பக்கம் திரும்பினா. "மூணு மாசமா உன் சத்தத்தையே நான் கேட்டதில்ல. இன்னிக்கு என் ஆபீஸ் வரைக்கும் கேட்டுச்சு. வந்து கையெழுத்துப் போடு."

வேலை நிரந்தரமாயிடுச்சு அக்கா! இப்ப அம்மாவைக் கூப்பிட்டுப் படிச்சுக் காட்டு. ஆனா மேயரம்மா வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம பார்லர்ல தலையை அலங்காரம் பண்ணிட்டு நேரா இங்கதான் வருவாங்களாம். அவங்களையும் நான்தான் தலையை நனைக்கச் சொல்லணும்.