இடியாத கூரை

எங்கள் ஊர்ச் சுவர்களைப் பற்றி என்னைவிடத் தெரிந்தவன் யாரும் இல்லை என்று மார்தட்டிக்கொண்டு திரிந்தவன் நான். பூச்சுவேலை நூமிசியஸ் என்றால் ஹெர்குலேனியத்தில் தெரியாதவர் கிடையாது. பதினேழு வருடத்துக்கு முன்பு பெரிய நிலநடுக்கம் வந்து பாதி ஊரை உலுக்கிவிட்டுப் போனது. அன்று பிடித்த கரண்டியை நான் கீழே வைக்கவே இல்லை. விரிசலில் சாந்தை அப்புவேன், மேலே சுண்ணாம்பு பூசுவேன், அதன்மேல் ஓவியன் மயிலோ மாதுளையோ வரைவான், வீட்டுக்காரர் அதைக் காட்டி விருந்து வைப்பார். அந்த மயிலுக்குப் பின்னால் என் கை நுழையும் அளவுக்குப் பிளவு இருப்பது எனக்குத்தான் தெரியும். அதனால் கடற்கரைப் படகுக் கொட்டகைகளைத் தவிர ஊரில் எந்தச் சுவரையும் நான் நம்பியதில்லை.

என் மனைவி ஹெரென்னியா கரையோரக் குளியல் மண்டபத்தில் குளிக்க வருகிறவர்களின் துணியைக் காக்கிறவள். நாங்கள் ஒரே எஜமான் வீட்டில் அடிமைகளாக வளர்ந்து, விடுதலை பெற்று, ஒரு மாடி அறையில் குடித்தனம் வைத்தவர்கள். சின்ன வயதிலிருந்து பார்த்த மூஞ்சி என்பதால் அவள் எனக்கு மரியாதை எல்லாம் கொடுப்பதில்லை. துணி திருடுகிறவனை அவள் திட்டினால் நடுக்கடலில் இருக்கிற மீனவனுக்குக் கேட்கும். நிலம் ஆடினால் மட்டும் அந்தக் குரல் அடங்கிவிடும். பெரிய நடுக்கத்தில் அவள் அம்மா சுவருக்கு அடியில் போய்விட்டாள். இவளை அரை நாள் கழித்துத்தான் இடிபாட்டிலிருந்து எடுத்தார்கள்.

அந்த வருடம் திராட்சை மிதித்து முடித்த வாரத்தில் நிலம் மறுபடி ஆட ஆரம்பித்தது. பெரிதாக ஒன்றுமில்லை, பரணில் பாத்திரம் கிணுகிணுக்கும், அவ்வளவுதான். எனக்கோ பக்கத்து நகரமான நியாப்பொலிஸில் ஒரு பெரிய மனிதர் வீட்டு விருந்து அறையைப் பூச வேண்டியிருந்தது. ஒன்பது நாள் வேலை.

“இந்த வாட்டி போகாதேய்யா. எனக்கு வயித்தைக் கலக்குது.”

“நேத்து லோலியா அக்கா கடைச் சுண்டலை ரெண்டு கிண்ணம் தின்னே. கலக்காம என்ன செய்யும்?”

லோலியா எங்கள் அறைக்கு நேர் கீழே சுண்டலும் சூடான மதுவும் விற்கிறவள். ஜன்னலுக்கு அடியிலிருந்து கத்தினாள். “டேய் தம்பி, என் சுண்டலைப் பத்திப் பேசினே, அகப்பையாலேயே சாத்துவேன்!”

ஹெரென்னியா சிரிக்கவில்லை. எனக்குக் கோபம் வந்தது. அவள் பயந்தால் எனக்குக் கோபம்தான் வரும், வேறொன்றும் செய்யத் தெரியாது. கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கடற்கரைக்குப் போனேன். அங்கே வரிசையாகப் படகுக் கொட்டகைகள், ஒவ்வொன்றுக்கும் வளைந்த கல் கூரை. கரண்டிப் பிடியால் ஒன்றைத் தட்டிக் காட்டினேன்.

“கேட்டியா? எங்கேயும் உள்ளே பொள்ளலா சத்தம் கேக்கல. பெரிய நடுக்கத்துலயே ஒரு கல்லு உதிரல. ஊரே விழுந்தாலும் இது விழாது.”

“நிஜமாவா?”

“நான் பூசாத சுவரு ஊர்ல இது ஒண்ணுதான். அதனாலதான் தைரியமா சொல்றேன்.”

அப்போதுதான் சிரித்தாள். நானும் விடாமல் சொன்னேன். “பெருசா ஆடுச்சுன்னா மாடியை விட்டு இறங்கி நேரா இங்க வந்துரு. வேற எங்கேயும் ஓடாதே. நான் வந்து கூட்டிக்கிறேன்.”

மறுநாள் கிளம்பிவிட்டேன்.

ஆறாம் நாள் மதியம் பெரிய சத்தம் கேட்டு நானும் கூட வேலை செய்த ஓவியனும் வெளியே ஓடினோம். எங்கள் ஊருக்குப் பின்னால் நிற்கும் மலையின் உச்சியிலிருந்து புகை நேராக எழும்பி, மேலே போய் அகன்று விரிந்து நின்றது. அந்த மலை எரிந்து யாரும் பார்த்ததில்லை. முக்கால் மலைக்குத் திராட்சைத் தோட்டம் வைத்திருந்தோம். எங்களுக்குத் தெரிந்த ஆபத்து ஒன்றுதான்: நிலம் ஆடும், சுவர் விழும். அவள் இந்நேரம் கொட்டகைக்குப் போயிருப்பாள் என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். காற்றும் புகையை எங்கள் ஊரை விட்டு விலக்கிப் பொம்பேயி நகரத்துப் பக்கம் தள்ளிக்கொண்டு போனது. நெஞ்சில் ஒரு நிம்மதிகூட வந்தது. இருந்தாலும் ஊருக்குக் கிளம்பப் பார்த்தேன்.

“எங்கய்யா கிளம்பறே?” என்றான் ஓவியன். “பாதிச் சுவரு பூசியாச்சு. ஈரம் காயறதுக்குள்ள நான் வரையணும். மிச்சத்தை உங்கப்பனா வந்து பூசுவான்?”

அவன் சொன்னது நியாயம்தான். ஈரப் பூச்சில்தான் வண்ணம் பிடிக்கும். ஒரு நாளைக்குரிய பகுதியை நடுவில் விட்டுப் போனால் அது வேலைக்காரனுக்கு அசிங்கம். நான் உள்ளே திரும்பி அந்தச் சுவரைப் பூசி முடித்தேன். ஒரு சுருக்கம் இல்லாமல் வழவழவென்று முடித்தேன். இதை நான் யாரிடமும் மறைப்பதில்லை.

சாயங்காலம் கிளம்பினால் சாலை முழுக்க எங்கள் ஊர்க்காரர்கள் எதிரே வருகிறார்கள். கட்டில், கோழி, குழந்தை என்று கையில் அகப்பட்டதைத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே நடந்தேன். இருட்டியதும் சாலையே குலுங்கியது, சாம்பல் கண்ணை மறைத்தது, வழியில் இருந்த பாலத்தைத் தாண்டிக் கால் போகவில்லை. விடிந்து பார்த்தபோது எங்கள் ஊர் இருந்த இடத்தில் ஊர் இல்லை. கரையையே கண்டுபிடிக்க முடியவில்லை.

பன்னிரண்டு நாள் தேடினேன். நியாப்பொலிஸ் துறைமுகத்துத் தானியக் கிடங்கில் எங்கள் ஊர்க்காரர்கள் தங்கியிருந்தார்கள். அங்கேதான் லோலியாவைப் பார்த்தேன். என்னைக் கண்டதும் முக்காட்டை இழுத்துக்கொண்டாள். எனக்குப் புரிந்துவிட்டது. இருந்தும் கேட்டேன்.

“நீ மட்டும் எப்படிக்கா வந்தே?”

“புகை வந்த உடனே கிளம்பிட்டேன், தம்பி. அவ கையைப் பிடிச்சு இழுத்தேன். கழுதையில நீ ஏறுடி, நான் நடக்கறேன்னேன். கேட்டாளா? ‘நான் அந்தப் பக்கம் ஓடி, அவன் இங்க வந்து தேடினா பைத்தியமாயிருவான்கா’ன்னா.”

“வேற என்ன சொன்னா?”

“வேணாம் தம்பி.”

“சொல்லுக்கா!”

“தெருவுல நின்ன பொம்பளைங்க, குழந்தைங்க எல்லாத்தையும் அவதான் கூட்டிட்டுப் போனா. ‘பயப்படாதீங்க, என் வீட்டுக்காரன் தட்டிப் பார்த்துச் சொல்லியிருக்கான், இடியாது’ன்னு சொல்லிக்கிட்டே போனா. அவ்வளவு தைரியமா நான் அவளைப் பார்த்ததே இல்ல.”

கடலில் படகோடு நின்ற ஒரு மீனவன் மிச்சத்தைச் சொன்னான். மலையிலிருந்து நெருப்புக் காற்று இறங்கி, ஊரைத் தாண்டி, கரையைத் தாண்டி, தண்ணீர்வரை வந்ததாம். ஒரு மூச்சு இழுக்கும் நேரத்தில் உள்ளே இருந்தவர்கள் எல்லாரும் முடிந்தார்களாம். கொட்டகைகள் நின்றபடி நின்றனவாம், பிறகுதான் சேறும் கல்லும் வந்து மூடியதாம். ஆக என் வாய்ச்சொல் பலித்தது. கூரை இடியவில்லை. இடிந்திருந்தாலாவது என்னை நானே முட்டாள் என்று திட்டிக்கொண்டு அழுதிருப்பேன்.

மாசி மாதம் போல, இறந்தவர்களுக்குப் படையல் வைக்கும் நாட்கள் வந்தன. லோலியாவும் அங்கே ஒரு தங்கையைப் பறிகொடுத்திருந்தாள். இருவரும் மதுவில் நனைத்த ரொட்டியும் உப்பும் எடுத்துக்கொண்டு நடந்தோம். எல்லாம் கெட்டிப்பட்ட சாம்பல் மேடு. எது தெரு, எது குளியல் மண்டபம் என்று எனக்கே தெரியவில்லை. பத்து ஆள் ஆழத்துக்குக் கீழே இருக்கும் ஊரின்மேல் குத்துமதிப்பாக ஓர் இடத்தில் நின்றோம். லோலியா மூன்று பிடி மண் அள்ளித் தன் தங்கைக்குப் போட்டாள். எரிக்காமல் புதைக்காமல் போனவர்களுக்கு அதுதான் சடங்கு.

“நீயும் போடு, தம்பி.”

நான் கையில் அள்ளியதை வைத்துக்கொண்டு நின்றேன். “ஒரு மலையே அவ மேல கிடக்குதேக்கா. நான் வேற போடணுமா?”

“செத்தவங்களை அக்கரை சேக்கிற அந்த ஆத்துப் படகுக்காரன், மூணு பிடி விழாதவங்களை ஏத்த மாட்டான். நூறு வருஷம் கரையிலேயே நிக்கணும். தெரியாதா உனக்கு?”

தெரியும். அவள் நிற்பாள் என்பதும் தெரியும். நூறு வருடம் என்றாலும், நான் வருவேன் என்று பக்கத்தில் இருப்பவர்களுக்கெல்லாம் சொல்லிக்கொண்டு நிற்பாள்.

ஒவ்வொரு பிடியாக மூன்று முறை போட்டேன். பிறகு குனிந்து, அவளுக்குக் கேட்கட்டும் என்று சத்தமாகவே சொன்னேன்.

“ஹெரென்னியா, எனக்காக நிக்காதே. படகு வந்தா ஏறிப் போயிரு.”